மேரி சர்ச் டெரெல் அம்மையார்

நீக்கப்படாத சட்டமொன்று பல்லாண்டுகளாக எவர் நினைவிலும் இன்றி உறங்கிக் கிடத்தல் கூடுமா? கூடும் என்பதற்கு வாஷிங்டன் நகரமே சான்று. அதனைத் துயிலெழுப்பியவர்களுள் முன்னின்றவர், எண்பத்தாறு வயதுடைய கறுப்பின மூதாட்டி ஒருவர்.

அடிமைகளாய்ப் பிறந்த பெற்றோருக்கு 1863ஆம் ஆண்டில் மெம்பிஸ் நகரிலே தோன்றியவர் மேரி. தந்தையார் பின்னர் பெருஞ் செல்வரானார். 1884இல் ஓபர்லின் கல்லூரியிற் பட்டம் பெற்ற மகள் ஆசிரியத் தொழிலை நாடியபோது, செல்வர் வீட்டுப் பெண் சம்பளத்துக்கு உழைப்பதா என்று சினந்து, நெடுநாள் அவரோடு பேசாதிருந்தார். மகளோ பின்வாங்கவில்லை. 1891இல் ரொபர்ட் டெரெல் என்பவரை மணந்ததும் அவ்வுத்தியோகம் போயிற்று. மணமான பெண் வாஷிங்டன் பாடசாலைகளிற் கற்பித்தல் ஆகாது என்பது அக்கால விதி. ஆயினும், வகுப்பறைக்கு ஆகாதவரென விலக்கப்பட்ட அவரே 1895இல் அந்நகரக் கல்விச் சபையின் அங்கத்தவரானார். ஆசிரியத் தொழிலில் நரைத்த எனக்கு இச்செய்தி தனியின்பம் தருவது.

1896இல் கறுப்பினப் பெண்களின் தேசிய சங்கம் தோன்றியபோது அதன் முதல் தலைவி இவரே. 1904இல் பேர்லினிற் கூடிய அனைத்துலக மாதர் மகாநாட்டில், அந்நாட்டார்க்கு விளங்கும்படி ஜெர்மன் மொழியிலேயே உரையாற்றினார். வாக்குரிமை கேட்டு வெள்ளை மாளிகையின் முன் மறியல் செய்தார். 1920இல் பெண்களுக்கு அவ்வுரிமை கிட்டிற்று. ஆனால் அவர் வாழ்ந்த வாஷிங்டன் நகரவாசிகளுக்கு, ஆணாயினும் பெண்ணாயினும், ஜனாதிபதித் தேர்தலில் வாக்களிக்கும் உரிமை 1961 வரை இருந்ததில்லை! அம்மையார் அதற்கு ஏழாண்டுகள் முன்னரே காலமாகிவிட்டார்.

இனிச் சட்டத்தின் கதை. கறுப்பினத்தவர்க்கு உணவளிக்க மறுக்கும் சாப்பாட்டுக் கடைக்காரர் நூறு டொலர் தண்டமும் இறுத்து, அனுமதிப் பத்திரத்தையும் இழத்தல் வேண்டுமென 1872இலும் 1873இலும் வாஷிங்டனில் விதிக்கப்பட்டிருந்தது. பிற்காலச் சட்டத் தொகுப்பிலே அவ்விதிகள் இடம்பெறாமற் போயின. எவரும் அவற்றை நீக்கினாரில்லை. 1950 ஜனவரியில் அம்மையார் நண்பர் சிலருடன் தொம்சன் உணவுச்சாலைக்குட் சென்றார். உணவு மறுக்கப்பட்டது. மறுக்கப்படும் என்று அறிந்தே சென்றார். வழக்கிடுதற்கு அம்மறுப்பு வேண்டியிருந்தது.

வழக்கு நடந்த மூன்றாண்டுகளும் அவர் வாளாவிருக்கவில்லை. ஏனைய கடைகளின் வாயிலிலே, கைத்தடி ஊன்றியபடி மறியலில் நின்றார். 1953 ஜூன் 8ஆம் நாள், அவ்விதிகள் இன்னும் உயிரோடுள்ளன என்று உயர் நீதிமன்றம் ஒருமனதாகத் தீர்ப்பளித்தது. சில தினங்களின் பின், எண்பத்தொன்பது வயதினரான அம்மையார் அதே உணவுச்சாலைக்குச் சென்று, அமர்ந்து உணவருந்தினார்.