சதுப்பில் ஒளிந்த இரும்பு

பின்லாந்தின் பொதுத் தொலைக்காட்சியான யூலே 1982-இல் நான்கு பகுதிகளாக ஒளிபரப்பிய நாடகம் ‘ரௌத்தா-ஐகா’, அதாவது ‘இரும்புக் காலம்’. கவிஞர் பாவோ ஹாவிக்கோ எழுத, கால்லே ஹோல்ம்பெர்க் இயக்கினார். இசை அவுலிஸ் சல்லினென். மறு ஆண்டு அதற்கு ‘பிரி இத்தாலியா’ விருது கிடைத்தது.

கதையின் வேர் ‘கலேவலா’ காப்பியம். நாட்டுப்புறப் பாடகர்களிடம் கேட்டுச் சேர்த்த பாடல்களைக் கோத்து, எலியாஸ் லோன்ரோட் என்ற மருத்துவர் 1835-இல் முதல் வடிவத்தை வெளியிட்டார். 1849-இல் அது 50 பாடல்களாக விரிந்தது. ஹாவிக்கோ அந்த நாயகர்களைப் பீடத்திலிருந்து இறக்கி, ஆசையும் தோல்வியும் மூப்பும் உள்ள மனிதர்களாக நடமாட விட்டார். நாடகத்தின் பலமே அதுதான். அவர்களில் கொல்லன் இல்மாரியின் தொழிலைத் தெரிந்துகொண்டால் நாடகத்தின் தலைப்பும் விளங்கும்.

காப்பியத்தில் முதிய பாடகன் வைனாமொய்னென் படகு செதுக்கும்போது கோடரி முழங்காலில் பாய்கிறது. ரத்தம் நிற்க வேண்டுமானால் இரும்பு பிறந்த கதையைச் சொல்லியாக வேண்டும். வானத்துக் கன்னியர் மூவரின் பாலிலிருந்து பிறந்த இரும்பு, அண்ணனான நெருப்புக்கு அஞ்சிச் சதுப்பில் ஒளிகிறது. ஓநாயும் கரடியும் மிதித்த தடங்களில் அது வெளிப்பட, கொல்லன் கண்டெடுக்கிறான்.

கன்னியரின் பால் கற்பனை, சதுப்பு கற்பனையல்ல. ஆக்சிஜன் குறைந்த நிலத்தடி நீரில் இரும்பு கரைந்தே ஓடும். அந்த நீர் சதுப்பிலோ ஏரியிலோ கசிந்து காற்றைத் தொட்டதும், சில பாக்டீரியாக்களின் துணையோடு துருவாகிப் படியும். விலங்கின் குளம்போ பாதமோ கிளறிய சேற்றில் செம்பழுப்பு நிறம் தென்பட்டால், கீழே தாது இருக்கக்கூடும். காட்டை நன்கு கவனித்தவர்கள் கட்டிய கதை இது. அள்ளிய இடத்தில் காலப்போக்கில் தாது மறுபடி சேரும்.

அதைக் காயவைத்து, வறுத்து, மரக்கரியோடு மண் உலையில் இட்டுத் துருத்தியால் ஊதுவார்கள். கரி எரியும்போது உண்டாகும் கார்பன் மோனாக்சைடு, தாதிலுள்ள ஆக்சிஜனைப் பிரித்தெடுக்கும். இரும்பு உருக 1538 டிகிரி செல்சியஸ் வேண்டும். அந்த உலை எட்டுவதோ ஏறத்தாழ 1200. ஆகவே சிட்டம் மட்டும் உருகி வழிய, இரும்பு தேன்கூடு போல ஓட்டை ஓட்டையான கட்டியாக மிஞ்சும். அதைப் பழுக்கக் காய்ச்சிச் சம்மட்டியால் அடிக்க அடிக்க, உள்ளே சிக்கிய சிட்டம் பிதுங்கி வெளியேறும். கோடரிக்கு வேண்டிய இரும்பு அப்போதுதான் கைக்கு வரும்.

இந்தத் தாது பழங்காலத்தோடு போய்விடவில்லை. ரஷ்ய எல்லையருகே இலோமன்ட்ஸி வட்டாரத்திலுள்ள மொஹ்கோ இரும்பாலை, 19ஆம் நூற்றாண்டிலும் ஏரிகளின் அடியிலிருந்து வாரிய தாதைத்தான் உருக்கியது.