வாரம் பெர்சி: ஊரைக் காலி பண்ணது பிளேக் இல்ல, ஆடு

இன்னைக்கு எபிசோட்ல ஆளே இல்லாத ஒரு ஊரைப் பத்திப் பேசப்போறோம். இங்கிலாந்தின் வடக்கு யார்க்‌ஷயர்ல, வோல்ட்ஸ் குன்றுகளுக்கு நடுவுல இருக்கு. பேரு வாரம் பெர்சி. கூரை இல்லாத ஒரு சர்ச், சுத்திலும் புல்வெளி. உத்துப் பாத்தா புல்லுக்கு அடியில மேடும் பள்ளமுமா கோடுகள் தெரியும். பள்ளம்தான் பழைய தெரு. மேடுகள் வீடு இருந்த இடம்.

முதல்ல ‘மேனர்’னா என்னன்னு பாத்துடுவோம். படங்கள்ல பாத்துப் பாத்து, அது ஒரு பெரிய பங்களான்னு நமக்குப் பதிஞ்சுபோச்சு. பங்களா அதில் ஒரு துண்டுதான். நிலம், அதில் உழைக்கிற குடும்பங்கள், அவங்க தகராறைத் தீர்க்கிற நீதிமன்றம், இது மொத்தமும் சேர்ந்ததுதான் மேனர். குடியானவர் கையில நிலம் இருக்கும். அதுக்குப் பதிலா பிரபுவுக்கு வாடகையோ உழைப்போ கொடுக்கணும். பிரச்சினைன்னா போகவேண்டியது அதே பிரபுவோட கோர்ட்டுக்கு! என் வேலை பாஷையில சொன்னா, ஊருக்கே யூசர் அக்கவுண்ட் இருக்கு, அட்மின் ஒருத்தர்தான். இந்த ஊர்ல அந்த அட்மின் ரொம்ப காலம் பெர்சி குடும்பம். ஊர்ப் பேரின் பின்பாதி அவங்களோடதுதான்.

இப்படி அழிஞ்ச ஊர்னாலே, “1348-49 பிளேக்ல எல்லாரும் செத்துட்டாங்க”ன்னு கதை முடிஞ்சிடும். ஆனா பிளேக் வந்து ஏறக்குறைய 20 வருஷம் கழிச்சும், 1368ல, இங்க சுமார் 30 வீடுகள் இருந்தன. 1458லகூட 16 வீடு. அடி பலமாத்தான் விழுந்தது, ஆனா ஊர் உயிரோட இருந்தது.

அப்புறம் நடந்தது கணக்கு. பிளேக்குக்குப் பிறகு வேலைக்கு ஆள் குறைவு, அதனால கூலி ஏறுச்சு. தானியம் வாங்க வாயும் குறைவு. கம்பளிக்கோ நல்ல கிராக்கி. உழவுக்கு ஊரே வேணும். ஆட்டு மந்தைக்கு ஒரு மேய்ப்பரும் நாயும் போதும். பிரபுவோட கணக்குப்படி சரிதான். அந்தக் கணக்கில் குடியானவருக்கு ஒரு வரிகூட இல்லைங்கிறதுதான் எனக்கு உறுத்துது.

அந்தச் சமயம் மேனர் ஹில்டன் குடும்பத்துக்குக் கைமாறியிருந்தது. ஏறத்தாழ 1500 வாக்கில கடைசிக் குடும்பங்களும் வெளியேற்றப்பட்டாங்க. உழவு நிலம் மேய்ச்சல் நிலமாச்சு. இப்படி நாடு முழுக்க ஊர்கள் காலியாகறதைப் பாத்து அரசாங்கமே 1517ல விசாரணை வெச்சுது. அதுல இந்த ஊர்க் கணக்கு: நாலு வீடு, நாலு ஏர். அவ்வளவுதான். அங்க இருந்தவங்க எங்க போனாங்கன்னு எழுதி வைக்க யாருக்கும் தோணல.

ஆனா ஆடு ஒரு நல்லது பண்ணுச்சு. மேய்ச்சல் நிலமா இருந்ததால பெரும்பகுதி உழப்படாம தப்பிச்சது. 1948ல பொருளாதார வரலாற்றாசிரியர் மாரிஸ் பெரஸ்ஃபர்ட் அந்தக் கோடுகளைத் தேடி வந்தார். 1950லிருந்து 1990 வரை, தொல்லியலாளர் ஜான் ஹர்ஸ்ட்டும் அவரும் ஒவ்வொரு கோடையிலும் தன்னார்வலர்களோட தோண்டினாங்க. ராஜாவோட கோட்டையைத் தோண்டாம, குடியானவர் வீட்டுக்காக 40 வருஷம்!

சர்ச் மட்டும் ஊர் போன பிறகும் ஓடுச்சு. பக்கத்து ஊரான திக்ஸன்டேல்காரங்களுக்கு 1870ல சொந்த சர்ச் வர்ற வரைக்கும், அவங்க ஞாயித்துக்கிழமை பூசைக்கு இந்த ஆளில்லா ஊருக்குத்தான் நடந்து வந்துட்டிருந்தாங்க.