ஒரு மைல் நீளப் பாதை

அமெரிக்க ஐக்கிய நாடுகளிலே மாநிலங்களை இணைக்கும் கடுகதிப் பாதைகளுக்கு எண்ணே பெயர். அவ்வெண்களிலும் ஓர் ஒழுங்கு உண்டு. ஓரிலக்கமோ ஈரிலக்கமோ உடையவை நாட்டை ஊடறுத்துச் செல்லும் தாய்ப் பாதைகள். மூன்று இலக்கம் உடையவை அவற்றின் கிளைகள். கிளையின் முதல் இலக்கம் இரட்டை எண்ணாயின் அது பெரும்பாலும் நகரைச் சுற்றியோ ஊடாகவோ சென்று மீண்டும் ஒரு பெரும் பாதையைச் சேரும். ஒற்றை எண்ணாயின், நகரினுள்ளே புகுந்து அங்கேயே முடிந்துவிடும். இந்த இலக்கணம் அறிந்தவருக்கு 375 என்னும் எண்ணைக் கண்டவுடனேயே, அது 75 ஆம் பாதையின் கிளை என்பதும் ஓரிடத்தில் சென்று முடியும் பாதை என்பதும் விளங்கிவிடும். 75 ஆம் பாதை தெற்கே புளோரிடாவில் தொடங்கி வடக்கே கனடாவின் எல்லைவரை ஏறக்குறைய 1,780 மைல் செல்கிறது. அதன் கிளையாகிய 375 இன் நீளமோ ஒரு மைலுக்குச் சற்றே மேல். மோட்டார் வண்டியில் அதனைக் கடப்பதற்கு இரண்டு நிமிடங்கூட வேண்டியதில்லை.

மிச்சிகன் மாநிலத்து டெற்றோயிற் நகரின் மத்தியை அந்நெடும் பாதையோடு இணைப்பதற்காக இக்கிளை அமைக்கப்பட்டது. 1959 இல் வேலை தொடங்கி, 1964 இல் ஆற்றங்கரையை அடுத்த ஜெபர்சன் பெருவீதிவரை திறக்கப்பட்டது. இதன் வரலாற்றைச் சொல்லப் புகுந்தால், பாதையைப் பற்றிக் கூறுவதிலும் அது ஓடும் மண்ணைப் பற்றியே மிகுதியாகக் கூறவேண்டியிருக்கிறது.

1701 இல் டெற்றோயிற்றில் குடியேறிய பிரெஞ்சுக்காரர் ஆற்றிலிருந்து உட்புறமாக நீண்டு ஒடுங்கிய வயல்களை வகுத்துப் பயிரிட்டனர். நகரின் கீழ்ப்புறத்து மண் கரியது, வளம் மிக்கது. அதனாலே அப்பகுதிக்கு 'பிளாக் பொற்றம்', அதாவது கரிய தாழ்நிலம், என்னும் பெயர் ஏற்பட்டதாகக் கூறுவர். பிற்காலத்தில் அங்கு கறுப்பின மக்கள் நிறைந்து வாழ்ந்தமையால் பெயருக்கு அதுவே காரணம் என்று எண்ணுவோர் பலர்; பெயர் அவர்களுக்கு முந்தியது. அவர்களுக்கு முன்னர் அங்கே ஐரோப்பாவிலிருந்து வந்த ஏழைக் குடிகள் வாழ்ந்தனர். நடுவே வடக்குத் தெற்காக ஓடிய ஹேஸ்டிங்ஸ் வீதியில் யூத வணிகரின் கடைகள் நிறைந்திருந்தன.

1914 இல் ஹென்றி போர்ட் தமது தொழிற்சாலையில் நாட்கூலி ஐந்து டொலர் என்று அறிவித்தார். அதே ஆண்டு ஐரோப்பாவில் மூண்ட போர் அக்கண்டத்திலிருந்து தொழிலாளர் வருவதைத் தடுத்தது. தென் மாநிலங்களில் பருத்தி வயல்களில் அல்லலுற்ற கறுப்பின மக்கள் வடக்கு நோக்கிப் புறப்பட்டனர். 1910 இல் டெற்றோயிற்றில் ஆறாயிரத்துக்குக் குறைவாக இருந்த அவர்களின் தொகை 1920 இல் 40,000 ஐயும், 1930 இல் 1,20,000 ஐயும் எட்டியது. வேலை கிடைத்தது; வீடு கிடைக்கவில்லை. நகரின் ஏனைய பகுதிகளில், வெள்ளையர் அல்லாதாருக்கு இந்நிலத்தை விற்கவோ வாடகைக்கு விடவோ கூடாது என்னும் நிபந்தனை உறுதிகளிலேயே எழுதப்பட்டிருந்தது. 1948 இல்தான் இத்தகைய நிபந்தனைகளை நீதிமன்றங்கள் நடைமுறைப்படுத்தலாகாது என்று நாட்டின் அதியுயர் நீதிமன்றம் தீர்த்தது. வீடமைப்புக் கடனுக்குச் சமஷ்டி அரசாங்கம் உத்தரவாதம் அளித்தபோதும், கறுப்பினத்தவர் வாழும் அயல் என்றால் கையை விரித்தது. 1941 இல் நகரின் வடபகுதியில் ஒரு கட்டட முதலாளி, தாம் வெள்ளையருக்கு அமைக்கும் குடியிருப்புக்கு அக்கடன் கிடைக்கவேண்டும் என்பதற்காக, அயலிலிருந்த கறுப்பினத்தவரின் வீடுகளைப் பிரித்து ஆறடி உயரத்தில் அரை மைல் நீளத்துக்கு மதில் ஒன்று கட்டினார். அம்மதில் இடிக்கப்படாமல் இந்த நூற்றாண்டுவரை நின்றிருக்கிறது.

எனவே வந்தவர் அனைவரும் பிளாக் பொற்றத்திலும், அதற்கு வடக்கே 'பரடைஸ் வலி' எனப்பட்ட பகுதியிலும் நெருங்கி வாழ நேர்ந்தது. ஹேஸ்டிங்ஸ் வீதி அவர்களின் கடைத்தெருவாயிற்று. வைத்தியர், மருந்துக் கடைக்காரர், சவப்பெட்டி செய்வோர், தையற்காரர், விடுதி நடத்துவோர் என்று எல்லாத் தொழிலினரும் அங்கே இருந்தனர். டியூக் எலிங்டன் முதலிய பேர்பெற்ற இசைவாணர் பரடைஸ் வலியின் அரங்குகளில் வாசித்தனர். குத்துச்சண்டை வீரர் ஜோ லூயிசும், 1974 இல் அந்நகரின் முதலாவது கறுப்பின முதல்வராய்ப் பதவியேற்ற கோல்மன் யங்கும் சிறுவயதில் வாழ்ந்தது பிளாக் பொற்றத்திலேதான். ஜோ வொன் பாட்டில் என்பவர் 1945 இல் ஹேஸ்டிங்ஸ் வீதியில் ஓர் இசைத்தட்டுக் கடை திறந்தார். கடையின் பின்புறத்தில் ஒலிப்பதிவும் செய்தார். அவ்வீதியிலிருந்த தேவாலயத்தின் போதகர் சி. எல். பிராங்ளினின் பிரசங்கங்களையும், அவருடைய மகள் அரேதா சிறுமியாய்ப் பாடிய பக்திப் பாடல்களையும் இசைத்தட்டாக்கி வெளியிட்டவர் அவரே. அச்சிறுமி பிற்காலத்தில் உலகறிந்த பாடகியானார்.

இவற்றைக் கொண்டு அப்பகுதியைப் பொன்னுலகம் என்று எண்ணிவிடலாகாது. மரத்தாலான பழைய வீடுகள். ஓர் அறையில் ஒரு குடும்பம். இடம் பெயர முடியாதவர்களிடம் வீட்டுக்காரர் வாங்கிய வாடகையோ அதிகம். அதனைச் சேரி என்று கூறிய அதிகாரிகள் பொய் சொல்லவில்லை. பாதி உண்மையைச் சொன்னார்கள். சேரி எவ்வாறு சேரியாயிற்று என்னும் மற்றப் பாதியை அவர்கள் சொல்லவில்லை.

1949 இல் நிறைவேறிய வீடமைப்புச் சட்டம், பாழடைந்த பகுதிகளை வாங்கி அழித்து விற்பதில் நகரங்களுக்கு ஏற்படும் நட்டத்தில் மூன்றில் இரண்டு பங்கைச் சமஷ்டி அரசாங்கம் ஏற்கும் என்றது. 1950 இல் டெற்றோயிற் முதல்வராய்ப் பதவியேற்ற ஆல்பேட் கோபோ, இடிப்பதில் காட்டிய ஊக்கத்தை, இடிக்கப்பட்டவருக்கு வீடு கட்டுவதில் காட்டவில்லை. பிளாக் பொற்றத்தின் பெரும்பகுதி தரைமட்டமாக்கப்பட்டது. வெறுமையான நிலத்தை வாங்க முதலாளிகள் முன்வராமையால் அது பல ஆண்டுகள் களை மண்டிக் கிடந்தது. நகர மக்கள் அதற்குக் களையின் பெயராலேயே ஒரு கேலிப்பெயரும் இட்டனர். பின்னர் மீஸ் வன் டெர் றோ என்னும் பெரும் கட்டடக் கலைஞரின் திட்டப்படி அங்கே லாபயெற் பார்க் என்னும் குடியிருப்பு எழுந்தது. கண்ணாடியும் உருக்கும் மரச்சோலையுமாக விளங்கும் அது மெய்யாகவே அழகியது. 2015 இல் நாட்டின் வரலாற்றுச் சின்னங்களுள் ஒன்றாக்கப்பட்டது. ஆயின் முன்னிருந்தோரில் மிகச் சிலரே அதன் வாடகையைக் கொடுக்க வல்லவராய் இருந்தனர்.

எஞ்சிய ஹேஸ்டிங்ஸ் வீதியைப் பாதை விழுங்கியது. நகரமத்தியின் வணிகர் அக்காலத்தில் ஓர் அச்சத்தில் இருந்தனர். வெள்ளையர் புறநகர்களுக்குக் குடிபெயர்ந்துகொண்டிருந்தனர். நகரின் தலைசிறந்த கடையாகிய ஹட்சன்ஸ் நிறுவனமே 1954 இல் புறநகரில் நோத்லண்ட் என்னும் பெரிய கடைத்தொகுதியைத் திறந்திருந்தது. விரைந்து வரப் பாதை அமைத்தால் வாடிக்கையாளர் மத்திக்கே வருவர் என்று அவர்கள் நம்பினர். 1956 இல் சனாதிபதி ஐசனோவர் ஒப்பமிட்ட நெடும்பாதைச் சட்டத்தின்படி, 41,000 மைல் பாதைவலையின் செலவில் நூற்றுக்குத் தொண்ணூறு வீதத்தைச் சமஷ்டி அரசாங்கம் கொடுத்தது. உள்ளூர்ப் பணம் அதிகம் வேண்டியதில்லை. நிலம் மட்டும் மலிவாக இருக்கவேண்டும். மலிவான நிலம் எங்கே இருந்தது என்பதைக் கூறவேண்டியதில்லை. அதன் விலையைக் குறைத்தவையோ மேலே கண்ட கடன் விதிகளும் உறுதி நிபந்தனைகளுமே.

அங்கு வாழ்ந்தோரில் மிகப் பெரும்பாலோர் வாடகைக் குடிகள். நிலத்துக்கு விலை கிடைத்தது நிலமுடையோருக்கே. வாடகைக்கு இருந்த குடும்பமும், வாடகைக் கடையில் பல ஆண்டு உழைத்து வாடிக்கையைத் தேடிய வணிகரும் பெற்றது பெரும்பாலும் வெளியேறும்படியான அறிவித்தல் மட்டுமே. அரசாங்க வேலைக்காக இடம் பெயர்க்கப்படுவோருக்கு உதவுதல் கடமை என்று சமஷ்டிச் சட்டம் பொதுவிதி செய்தது 1970 இல். ஹேஸ்டிங்ஸ் வீதி மக்களுக்கு அது காலங்கடந்த சட்டம்.

பிராங்ளினின் தேவாலயம் இடிபட்டது. 1963 இல் அச்சபை வேறிடத்தில் ஒரு பழைய படமாளிகையை ஆலயமாக்கிக்கொண்டது. ஜோ வொன் பாட்டில் தமது கடையை, இடம்பெயர்ந்த மக்கள் பலர் சென்று நெருங்கிய 12 ஆம் வீதிக்கு மாற்றினார். 1967 யூலை 23 ஆந் திகதி அவ்வீதியிலேதான் நாட்டையே உலுக்கிய கலவரம் வெடித்தது. நாற்பத்து மூவர் மாண்டனர். அக்கடையும் அழிந்தது, அவர் பதிவுசெய்து சேர்த்த ஒலிநாடாக்கள் பல நீரிலும் நெருப்பிலும் பாழாயின. முதன்முறை பாதையாலும், இரண்டாம் முறை கலவரத்தாலும் கடையை இழந்த அவர் 1973 இல் காலமானார்.

வணிகர் எதிர்பார்த்ததாவது நிறைவேறியதா? உள்ளே வருவதற்கு எளிதான பாதை வெளியே போவதற்கும் எளிது. மத்தியில் வேலை செய்வோர் மாலையில் புறநகர் வீட்டுக்கு விரைந்து செல்லும் வசதியையே அது தந்தது. 1950 இல் பதினெட்டரை இலட்சமாயிருந்த நகரின் குடித்தொகை 2020 இல் ஆறு இலட்சத்து முப்பத்தொன்பதாயிரமாகக் குறைந்தது. தொழிற்சாலைகள் இடம் மாறியதும் நிறப்பகையும் அதற்குப் பெரிய காரணங்கள். பழியனைத்தையும் ஒரு மைற் பாதையின் மேல் ஏற்றுதல் நியாயமன்று. எனினும் வாடிக்கையாளரைக் கொணருவதற்காகப் பாதையை வெட்டிய நகரத்தில், ஹட்சன்ஸ் நிறுவனத்தின் மத்தியக் கடை 1983 இல் மூடப்பட்டு 1998 இல் தகர்க்கப்பட்டது.

பாதை நிலமட்டத்துக்குக் கீழே அகழிபோல் அமைந்தது. மேலே சில பாலங்கள். இருமருங்கும் ஓரப் பாதைகள். முன்னர் மத்தியிலிருந்து கீழ்ப்புறம் நோக்கி நடந்துசென்ற தெருக்கள் பல அகழியின் விளிம்பில் நின்றுவிட்டன. நடப்பவர் பாலத்தைத் தேடிச் சுற்றவேண்டும்.

பாலங்களுக்கும் ஆயுள் உண்டு. ஐம்பது ஆண்டுகளின்பின் அவற்றைப் புதுக்குவதா, பாதையையே நீக்குவதா என்னும் கேள்வி எழுந்தது. சான் பிரான்சிஸ்கோவில் 1989 நிலநடுக்கத்தில் பழுதுற்ற துறைமுகக் கடுகதிப் பாதையை 1991 இல் இடித்தனர். மில்வாக்கி நகரத்தில் இத்தகையதொரு கிளைப்பாதையை 2002, 2003 ஆம் ஆண்டுகளில் அகற்றினர். இரு நகரங்களும் போக்குவரத்தின்றி வாடிவிடவில்லை. டெற்றோயிற்றில் அகழியைத் தூர்த்து, நிலமட்டத்தில் மரநிழல் வீதி அமைக்கும் திட்டம் வகுக்கப்பட்டது. 2022 செப்டெம்பரில் சமஷ்டி அரசாங்கம் அதற்குப் பத்துக் கோடி டொலருக்கு மேல் ஒதுக்கியது.

ஆயின் வாதங்கள் எழுந்தன. புது வீதியில் பல வண்டித் தடங்கள் வரையப்பட்டிருந்தமையால், அகழிக்குப் பதில் மற்றொரு தடையே வரப்போகிறது என்றனர் அயலவர். பாதை நீங்கினால் முப்பது ஏக்கரளவு நிலம் மீளும் என்று கணிக்கப்பட்டது. நகரமத்தியை அடுத்த அந்நிலம் இன்று மலிவானதன்று. ஹேஸ்டிங்ஸ் வீதியில் கடையும் வீடும் இழந்தோரின் பிள்ளைகளும் பேரர்களும் அதிலே தமக்குப் பங்கு வேண்டும் என்றனர். வாடகைக்கு வாழ்ந்தவரின் வழித்தோன்றலிடம் எந்த உறுதியைக் கேட்பது, எந்தச் சாட்சியை ஏற்பது என்று எவரும் தெளிவாக வரையறுக்கவில்லை. செலவு மதிப்பீடோ ஆண்டுதோறும் ஏறிச் சென்றது. 2025 இல் மாநில வீதித் திணைக்களம், செலவு மிகுந்தமையைக் காட்டி, வேலையை நிறுத்திவைத்தது.