பாட்டனார் 1950இல் எங்கே இருந்தார்?

கல்லூரிச் சேர்க்கையின் கடைசி நாள் நெருங்க நெருங்க, மும்பையின் தாராவியிலிருந்தும் செம்பூரிலிருந்தும் வரும் கடிதங்களில் ஒரே கேள்வி: “அப்பாவுக்குத் திருநெல்வேலித் தாசில்தார் கொடுத்த சாதிச் சான்றிதழ் இருக்கிறது. பிள்ளைக்கு இங்கே ஏன் வேலிடிட்டி கிடைக்கவில்லை?”

வேலிடிட்டி என்பது சாதிச் சரிபார்ப்புக் குழு தரும் ஏற்புச் சான்று. பெரும்பாலும் சாதியை யாரும் சந்தேகிக்கவில்லை. இடிப்பது தேதிதான்.

1950 ஆகஸ்ட் 10, பட்டியல் சாதிகளுக்கான குடியரசுத் தலைவர் ஆணை வெளியான நாள். அன்று உங்கள் குடும்பம் இன்றைய மகாராஷ்டிர எல்லைக்குள் குடியிருந்திருக்க வேண்டும். உங்கள் சாதி இந்த மாநிலப் பட்டியலிலும் இருக்க வேண்டும். பிறகு வந்தவர் ‘புலம்பெயர்ந்தவர்’. அரசு தரும் விளக்கத்தில் இந்தச் சொல் தலைமுறை தாண்டியும் ஒட்டிக்கொள்கிறது. தாராவியில் பிறந்து, மாநகராட்சித் தமிழ்ப் பள்ளியில் படித்து, தாதரில் வேலை பார்ப்பவரின் மகளும் புலம்பெயர்ந்தவள்தான்.

1950க்கு முன்பே வந்த குடும்பங்கள்கூட ஏன் தோற்கின்றன என்பதுதான் என்னை உறுத்துகிறது. வாசகர் ஒருவர் இரண்டு காகிதங்களைக் கொண்டுவந்து காட்டினார். ஒன்று, அவருடைய பாட்டனார் ஊரில் படித்த பள்ளியின் பதிவேட்டு நகல். சாதி தெளிவாக இருக்கிறது, பம்பாய் இல்லை. மற்றொன்று, மடிப்பில் கிழிந்துபோன தாராவி வாடகை ரசீது. 1948ஆம் ஆண்டு இருக்கிறது, சாதி இல்லை. வாடகை ரசீதில் யார் சாதி எழுதுவார்கள்? இரண்டையும் சேர்த்தால் வழக்கு முடிந்தது. ஆனால் சேர்ப்பதற்கு இருக்கும் ஒரே கயிறு பெயர். பள்ளியில் அவர் ‘சு. மாடசாமி’. ரசீது எழுதியவருக்கு நம் தலைப்பெழுத்து வழக்கம் தெரியாது. தன் பெயர், தகப்பன் பெயர், குடும்பப் பெயர் என்பது இந்த ஊர் முறை. அதனால் அங்கே ‘மாடா சாமி சுடலை’. இருவரும் ஒருவரே என்று நிரூபிப்பது யார் வேலை? மகாராஷ்டிரத்தின் 2001ஆம் ஆண்டு 23ஆம் எண் சட்டம், 8ஆவது பிரிவில், அந்தச் சுமையை மனுதாரர் தலையில் வைக்கிறது. பிரமாணப் பத்திரத்தோடு வம்சாவளி எழுதிக் கொடுக்கலாம். குழு அதை ஏற்க வேண்டுமென்ற கட்டாயம் இல்லை.

குழு ஏற்றுக்கொண்டாலும் வழக்கு ஓயாது என்பதற்கு, அப்போது எம்.பி.யாக இருந்த நவ்நீத் ராணாவின் வழக்கே சாட்சி. பஞ்சாபிலிருந்து வந்த குடும்பம். பாட்டனாரின் சாதிக்கு மாட்டுங்கா கால்சா கல்லூரியின் சான்றையும், குடியிருப்புக்கு 1932ஆம் ஆண்டு வாடகை ஒப்பந்தத்தையும் மும்பை புறநகர்க் குழு நம்பியது. 2021இல் பம்பாய் உயர் நீதிமன்றம் நம்ப மறுத்து, 2 லட்ச ரூபாய் அபராதமும் விதித்தது. 2024 ஏப்ரல் 4ஆம் தேதி உச்ச நீதிமன்றம் குழுவின் முடிவே செல்லும் என்றது. அதே காகிதங்கள்தான். உச்ச நீதிமன்றம் வரை போக அவருக்கு வசதி இருந்தது. தற்காலிகக் குடியிருப்பான டிரான்ஸிட் கேம்பில் வாழ்பவர் எங்கே போவார்?

1950க்குப் பின் வந்தவர்களின் கதவை அடைத்தது 1990ஆம் ஆண்டின் மாரி சந்திரசேகர ராவ் தீர்ப்பு. ஆந்திரப் பழங்குடி மாணவர். அப்பா மத்திய அரசு உர நிறுவனத்தில் பழங்குடி ஒதுக்கீட்டில் சேர்ந்து பம்பாய் வந்தவர். பிள்ளை கேட்டது தாதருக்குப் பக்கத்தில் பரேலில் உள்ள ஜி.எஸ். மருத்துவக் கல்லூரி இடம். ஒரு சாதியின் பின்தங்கிய நிலை அந்தந்த மாநிலத்தைப் பொறுத்தது, சலுகை கூடவே வராது என்றது ஐந்து நீதிபதிகள் அமர்வு. எனக்கு இது ஒப்பவில்லை. தாதர்–திருநெல்வேலி ரயிலில் சாதியும் ஏறித்தான் வந்தது. தாராவியில் தெருவும் கோயிலும் சாதி பார்த்து அமைந்ததை அங்கே வளர்ந்தவர்கள் அறிவார்கள்.

சலுகையைச் சொந்த மாநிலத்தில் கேட்டுக்கொள்ளலாம் என்கிறது மத்திய அரசின் 1985ஆம் ஆண்டுச் சுற்றறிக்கை. அங்கே போனால், பன்னிரண்டு வருடம் மும்பையில் படித்த பிள்ளையிடம் தமிழ்நாடு இருப்பிடச் சான்று கேட்கிறது.

மற்ற கேள்விகளுக்குச் சுருக்கமாக:

பிற்படுத்தப்பட்டோருக்கும் இதே தேதியா? இல்லை, 1967 அக்டோபர் 13.

அப்பாவுக்கு வேலிடிட்டி இருந்தால்? பிள்ளைக்கும் தர வேண்டும், மோசடி இல்லாதவரை. பம்பாய் உயர் நீதிமன்றம், 2010.

அம்மா வழியில் கேட்கலாமா? அம்மாவின் சமூகத்தில், அதன் இழிவுகளோடு வளர்ந்ததாகக் காட்டினால் முடியும். உச்ச நீதிமன்றம், 2012.

வேலையில் சேர்ந்து இருபது வருடம் கழித்துச் சான்று போலி என்று தீர்ப்பானால்? வேலை போகும். உச்ச நீதிமன்றம், 2017.

மத்திய அரசு வேலைக்கு? அப்பாவின் தமிழ்நாட்டுச் சான்றைக் காட்டி இங்கேயே புலம்பெயர்ந்தோர் சான்று வாங்கலாம், அது செல்லும்.

தாராவி மறுசீரமைப்புக்காகப் பலர் வீட்டைக் காலிசெய்து கொண்டிருக்கிறார்கள். தரைத்தளத்தில் குடியிருப்பவருக்கு இலவச வீடு கிடைக்க 2000 ஜனவரி 1க்கு முந்தைய காகிதம் போதும் என்று, அதற்கும் பழையதைக் கழித்துவிடாதீர்கள். பாட்டனார் பெயரில் உள்ள ரசீது, மில் அட்டை, ரேஷன் அட்டை, கிழிந்திருந்தாலும் எடுத்து வையுங்கள். ஊருக்குப் போகும்போது அவர் படித்த பள்ளியில் பதிவேட்டு நகல் கேளுங்கள். தலைமையாசிரியரின் கையெழுத்தும் முத்திரையும் இல்லாமல் வாங்காதீர்கள்.