புகைபோக்கியும் நச்சு வாயுவும்

1902 ஆம் ஆண்டு செப்தெம்பர் இறுதியில், பாரிஸ் நகரிலே, நாவலாசிரியர் எமில் சோலா படுக்கையறையிற் கணப்பு மூட்டித் துயின்றார். மறுநாட் காலையில் அவரைக் காப்பாற்ற இயலவில்லை, துணைவியார் பிழைத்தார். புகைபோக்கி வாயுவை வெளியேற்றாமையே காரணம். பகைவர் அதனை அடைத்தனரென்ற ஐயமும் பின்னர் எழுந்தது, அது நிற்க.

குளிர்நாட்டு வீடுகளில் உலையோ கொதிகலனோ எரியும்போது, சூடான வாயு இலேசாகிப் புகைபோக்கி வழியே மேலெழும். இந்த இழுப்பே நச்சினை வெளியேற்றுகின்றது. பறவைக் கூடோ உதிர்ந்த செங்கல்லோ வழியை மறித்தால் வாயு அறைக்கே மீளும். எரிதல் குறைபடும்போது தோன்றும் காபனோரொட்சைட்டுக்கு நிறமுமில்லை, மணமுமில்லை. குருதியிலுள்ள ஈமோகுளோபினை அது ஒட்சிசனைவிட 200 மடங்குக்கு மேலாக இறுகப் பற்றும்.

பழைய வீடுகளிலே வேறோர் இடரும் உண்டு. நிலக்கரிக்கெனக் கட்டப்பட்ட அகன்ற செங்கற் புகைபோக்கியில் எரிவாயுக் கொதிகலனை இணைத்தால், வெளிச்செல்லும் வாயு பாதிவழியிலேயே ஆறிவிடுகின்றது. இழுப்புத் தளர்கின்றது, நீராவி சுவரிலே நீராய்ப் படிந்து சாந்தை அரிக்கின்றது. ஆதலின் பிரித்தானியாவில் துருப்பிடிக்காத உருக்குக் குழாயொன்றை உள்ளே இறக்கி வழியை ஒடுக்குவர்.

குளிருக்கு அஞ்சிச் சுவரின் காற்றுத்துளையை அடைப்பவரும் உளர். அறைக்காற்றைக்கொண்டு எரியும் கொதிகலனுக்குப் புதுக்காற்று வராவிடின், பழுதற்ற புகைபோக்கியும் இழுக்காது. தீ குறையாய் எரிந்து அந்த நச்சையே பெருக்கும்.