கால்குலேட்டரில் கேம்ஸ் ஆடலாமா?

தாராளமாக ஆடலாம்! அமெரிக்கப் பள்ளி மாணவர்கள் கணக்கு வகுப்புக்குக் கொண்டுபோகும் டிஐ-84 ப்ளஸ், 2004-இல் வெளிவந்த கிராஃபிங் கால்குலேட்டர். உள்ளே இருப்பது 15 மெகாஹெர்ட்ஸ் இசட்80 பிராசசர். ராமில் நமக்குக் கிடைப்பது 24 கிலோபைட்தான். சிரிக்காதீர்கள், அதற்குள் கேம் ஓடும்!

கேமை ஏற்றும் முன் ஒரு வேலை இருக்கிறது. அசெம்ப்ளி மொழியில் எழுதிய கேம் ஹேங் ஆனால் ராம் முழுவதும் அழிந்துவிடலாம். நீங்கள் உட்கார்ந்து எழுதிய கணக்கு புரோகிராம்களும் சேர்ந்தே போகும். எனவே செகண்ட் பட்டனையும் அடுத்து + பட்டனையும் அழுத்தி, வரும் மெனுவில் 5-ஆவதாக உள்ள ஆர்க்கைவைத் தேர்ந்தெடுங்கள். பிஆர்ஜிஎம் பட்டனை அழுத்தி, புரோகிராமின் பெயரைத் தேர்வு செய்து என்டர் தட்டுங்கள். இனி அது ஃப்ளாஷ் மெமரியில் பத்திரமாக இருக்கும். (மீண்டும் இயக்க அதே மெனுவில் 6.)

இப்போது கால்குலேட்டரை யுஎஸ்பி கேபிளில் இணைத்து, டிஐ கனெக்ட் மென்பொருள் வழியாக 8எக்ஸ்பி என்று முடியும் கேம் ஃபைலை அனுப்புங்கள். பேசிக் கேம் என்றால் பிஆர்ஜிஎம் பட்டனிலேயே திறக்கும். அசெம்ப்ளி கேமுக்கு முன்னால் ஏஎஸ்எம் கட்டளை வேண்டும். செகண்ட், 0 அழுத்தினால் வரும் பட்டியலில் அது இருக்கிறது.

ஹேங் ஆகிவிட்டதா? பேட்டரி ஒன்றைக் கழற்றி மாட்டுங்கள். கேம் போயிருக்கலாம், ஆர்க்கைவில் வைத்த புரோகிராம் அப்படியே இருக்கும்.