துடுப்பின் நுனியில் ஒரு பாட்டு

சிறு வயதில் கல்லடிப் பாலத்தடியில் தோணியை நிறுத்தி, துடுப்பின் ஒரு நுனியை வாவி நீருள் விட்டு, மறு நுனியைக் காதோடு வைத்துக் கேட்டிருக்கிறேன். நிலாக்கால இரவு. பொறுத்திருந்தால், நரம்பை மெல்ல மீட்டியது போல் ஓர் ஒலி எழும். பாடுவது மீனா, ஊரியா என்ற வழக்கு இன்னும் தீரவில்லை.

1950களில் அருட்தந்தை லாங் நீருள் ஒலிவாங்கியை இறக்கி அவ்வொலியைப் பதிவு செய்தார். பின்னர் அது இலங்கை வானொலியிலும் ஒலித்தது. வாவியைக் காணாதவரும் கேட்டனர். கேட்டது இயந்திரத்தின் வழியே என்றாலும், அதன் பின்னே ஒரு வாவி இருந்தது.

வாவியே இல்லாமல் பாட்டு வந்தால்? இந்தக் கேள்வியை இன்று எழுப்புபவர்களில் ஒருவர் கிறிஸ்டோபர் குலேந்திரன் தோமஸ். ஈழத்துத் தமிழ்க் குடும்பத்தின் வழிவந்தவர். இலண்டனிலும் பெர்லினிலும் இயங்கும் கலைஞர். 2016இல் பெர்லின் ஈராண்டுக் கலைவிழாவில் இவர் வைத்த 'நியூ ஈழம்', வீட்டைச் சொந்தமாக்காமல் சந்தா செலுத்தி நகரம் விட்டு நகரம் வாழும் ஒரு நாளைய சமூகத்தைக் கம்பனி விளம்பரம் போலவே காட்டியது. அனிகா கூல்மனுடன் 2019இல் ஆக்கிய 'பீயிங் ஹியூமன்' படத்தில், பாடகி டெய்லர் சுவிஃப்டின் சாயலில் கணனி ஆக்கிய உருவம் பேசுகிறது.

இது எவ்வாறு நிகழ்கிறது? ஒருவரின் ஏராளமான படங்களைக் கொடுத்தால், கணனி அம்முகத்தின் அசைவுகளைக் கற்றுக்கொள்ளும். பிறகு அவர் சொல்லாததையும் சொல்வதாகக் காட்டும்.

நேயர்களே, எங்கள் பக்கத்தில் எத்தனையோ வீடுகளில் காணாமற் போன பிள்ளையின் படம் சுவரில் தொங்குகிறது. நாளை அந்தப் படமும் "அம்மா" என்று அழைக்கலாம். தாய் மகிழ்வாளா, கலங்குவாளா? நினைக்கவே எனக்கு நெஞ்சு நடுங்குகிறது.

மறைந்ததை மீட்பது நமக்குப் புதிதல்ல. காரைதீவில் பிறந்த விபுலாநந்த அடிகள் வழக்கொழிந்த யாழை ஆராய்ந்து, 1947இல் 'யாழ் நூல்' தந்தார். ஆனால் எந்தக் கணக்கால் அந்த இசையைக் கண்டார் என்பதையும் நூலிலேயே விரித்து வைத்தார், ஐயமுள்ளவர் சரிபார்க்கலாம். இயந்திரம் தரும் குரலுக்கு அத்தகைய கணக்கு கிடைப்பதில்லை. குலேந்திரன் தோமஸின் படைப்புகள் அந்த இடத்தில்தான் நம்மை நிறுத்தி யோசிக்கவைக்கின்றன.

இனிய குரல் எதைக் கேட்டாலும், துடுப்பை ஒருமுறை இறக்கிப் பாருங்கள். அடியில் நீர் இருக்கிறதா?